மலைச்செடிக்கு நான் ஊற்றிய தண்ணீர்

என் கையெழுத்து நன்றாக இருக்காது. ஆர்.ஓ. ரூமுக்குப் பின்னால் சுவரில் சிவப்புப் பெயின்டில் உள்ள எழுத்தைப் பார்த்தவர்களுக்கு அது தெரிந்திருக்கும். அதுவும் நான் எழுதியதுதான். ஐந்தாவது வரைதான் பள்ளிக்கூடம் போனேன். எந்த இடத்தில் சின்ன ர, எந்த இடத்தில் பெரிய ற என்று இன்றும் எனக்குக் குழப்பம். பிழை இருந்தால் திருத்திப் படித்துக்கொள்ளுங்கள்.

கம்பெனி ஆண்டு மலருக்கு ஒவ்வொரு டிபார்ட்மென்டிலிருந்தும் ஒருவர் வேலை அனுபவம் எழுத வேண்டும் என்று எச்.ஆர். மேடம் நோட்டுக் கொடுத்து மூன்று மாதம் ஆகிறது. தோட்டத்தை ஒரு டிபார்ட்மென்ட் என்று அவர்கள் சேர்த்துக்கொண்டதே பெரிய விஷயம். புதிதாகத் தோட்ட வேலைக்கு வந்திருக்கும் நான்கு பேரும் அந்தச் சிவப்பு எழுத்தைக் காட்டி, "இன்னாண்ணே இது, யாரு எழுதுனது, எதுக்கு எழுதுனது?" என்று கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள். எனக்கு நான்கு பேர் முன்னால் வாய் வராது. அதனால் இதில் எழுதிவிடுகிறேன். என் பெயர் எத்திராஜ். கவரைப்பேட்டையிலிருந்து சைக்கிளில் வருகிறவன்.

செடி வந்த நாள்

இது நடந்தது 2006, 2007-ல். அப்போது நம் கம்பெனியில் தோட்டத்துக்கு இரண்டே பேர். நான், கன்னியம்மா. இரண்டு பேரும் கான்ட்ராக்ட். கான்ட்ராக்டர் முனிரத்தினம் வாரம் ஒரு முறை வந்து தலையைக் காட்டிவிட்டுப் போவார். கன்னியம்மாவுக்கு வாய் அதிகம், கை அதைவிட வேகம். அவள் வீட்டுக்காரருக்கு ரோலிங் மில்லில் கை போய்விட்டது. அவள் சம்பாத்தியத்தில்தான் வீடு நடந்தது.

பிளான்ட் மேனேஜராக டேவிட் சார் இருந்தார். குன்னூர்க்காரர். ஐப்பசி மாதம் மழை தூறிக்கொண்டிருந்த ஒரு காலை, தன் காரின் பின்பக்கத்தைத் திறந்து என்னைக் கூப்பிட்டார். உள்ளே பன்னிரண்டு டிரேயில் செடி. இலை மூன்று பிளவாக, தடிப்பாக, கசக்கி விரித்த காகிதம் மாதிரி சுருக்கம் சுருக்கமாக இருந்தது. தண்டு மேலே எழும்பாமல் தரையோடு தரையாக ஓடுகிற ஜாதி. ஒவ்வொரு கணுவிலும் வேர் விட்டிருந்தது.

"இது க்ரீப்பிங் ராஸ்பெரி, எத்திராஜ். வெயில் தேசத்துச் செடிதான், ஆனா அங்கேயும் மலை உச்சியிலதான் இருக்கும். வருஷம் முழுக்கப் பச்சையா இருக்கும், இலை கொட்டாது. எங்க அம்மா வீட்டு வாசல் முழுக்க இதைப் படர விட்டிருந்தாங்க."

நான் தலையாட்டினேன்.

"அம்மா போயிட்டாங்க. வீட்டையும் வித்தாச்சு. வாங்கினவங்க சிமென்ட் போடப் போறாங்களாம். அதான் வெட்டிக் கொண்டு வந்துட்டேன்."

இதைச் சொல்லும்போது அவர் என்னைப் பார்க்கவில்லை. டிரேயைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

இந்த ஊர் வெயிலில் மலைச்செடி நிற்காது என்று எனக்கு அப்போதே தோன்றியது. சொல்லவில்லை. எதையும் சொல்ல வேண்டிய நேரத்தில் சொல்லாதது எனக்குப் பழைய வியாதி.

கன்னியம்மா ஒரு இலையைத் திருப்பிப் பார்த்தாள். "இன்னாண்ணா பேரு சொன்னாரு?"

"ராஸ்பெரி."

"பழம் வருமா?"

"அங்க வருமாம். இங்க வராதுன்றாரு."

"பழமும் இல்ல, பூவும் பெருசா இல்ல. இதுக்குப் போயி கார்ல சவாரி. நம்மள எவனாச்சும் கார்ல ஏத்திக்கினு வந்திருக்கானா?"

ஆபீஸ் கட்டடத்தின் வடக்குப் பக்கம் ஒரு சரிவு இருக்கிறது. கட்டடத்தின் நிழல் அதிக நேரம் விழும் இடம் அதுதான். அங்கே மண்ணைக் கொத்தி, மக்கிய இலையும் தேங்காய் நார்த்தூளும் கலந்து, ஒரு முழத்துக்கு ஒன்றாக நட்டோம். மேலே ஷேடு நெட் கட்டினோம். சரிவின் மூலையில் ஆபீஸ் ஏசியின் தண்ணீர்க் குழாய் உடைந்து எப்போதும் சொட்டிக்கொண்டிருக்கும். அந்த இடம் சேறாகவே கிடக்கும். "இந்த ஏசிக்காரனுக்கு எத்தினி வாட்டி சொல்றது, கால் வச்சா வழுக்குது" என்று மெயின்டெனன்ஸ் ஆட்களிடம் கன்னியம்மா சண்டை போட்டுப் பார்த்தாள். யாரும் சரி செய்யவில்லை. அந்த மூலையிலும் நான்கு செடி வைத்தோம்.

மழைக்காலமும் பனிக்காலமும் செடிக்கு நன்றாக இருந்தன. மழைநீர்த் தொட்டியில் தேங்கிய தண்ணீரைத்தான் ஊற்றினோம். தை மாதத்தில் ஒரு கணு விட்டு ஒரு கணுவாக ஓடி, மண் தெரியாமல் மூடிவிட்டது. டேவிட் சார் காலையில் காரை நிறுத்திவிட்டு நேரே ஆபீசுக்குள் போகாமல் சரிவைப் பார்த்துவிட்டுத்தான் போவார். அந்தச் சமயத்தில் எச்.ஆரில் ஒரு லிஸ்ட் தயாரானது. கான்ட்ராக்ட் ஆட்களில் ஆறு பேரை நிரந்தரமாகக் கம்பெனி ரோலுக்கு எடுக்கப் போகிறார்கள், அதில் என் பெயர் இருக்கிறது என்று டேவிட் சாரே சொன்னார். ஒன்பது வருடம் கான்ட்ராக்டில் இருந்தவன் நான். அன்றைக்கு வீட்டுக்குப் போகும்போது சைக்கிளை மிதித்தது எனக்கே தெரியவில்லை.

பின்பக்கக் குழாய்

மாசியில் மழைநீர்த் தொட்டி வறண்டது. நம் போர் தண்ணீரைப் பற்றி உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. சோப்புப் போட்டால் நுரை வராது. அரளிக்கும் காகிதப்பூவுக்கும் அது போதும். மலைச்செடிக்கு இரண்டு நாள் ஊற்றினேன், இலை ஓரம் பழுப்பு ஏறியது. பயந்துபோய் நிறுத்திவிட்டேன்.

நல்ல தண்ணீருக்கு எங்கே போவது என்று சுற்றிக்கொண்டிருந்தபோதுதான் ஆர்.ஓ. ரூமின் பின்பக்கத்தைப் பார்த்தேன். சுவரிலிருந்து ஒரு குழாய் நீட்டிக்கொண்டு, அதிலிருந்து தண்ணீர் நாள் முழுக்க வாய்க்காலில் போய்க்கொண்டிருந்தது. கண்ணாடி மாதிரி தெளிவான தண்ணீர். கேன்டீனில் நாம் குடிக்கிற தண்ணீர் அந்த ரூமிலிருந்துதான் வருகிறது என்பது எனக்குத் தெரியும். டேங்க் நிரம்பினால் மிச்சம் வழியும் இல்லையா, அது மாதிரி குடிதண்ணீர் வழிகிறது என்று நினைத்துவிட்டேன். இவ்வளவு நல்ல தண்ணீரை வீணாக்குகிறார்களே என்று வயிறு எரிந்தது.

உள்ளே ஆபரேட்டர் பாஷா இருந்தான். பழவேற்காட்டுப் பையன், நல்ல மாதிரி. கேட்டிருந்தால் ஒரு நிமிடத்தில் சொல்லியிருப்பான். நான் கேட்கவில்லை. ஒன்று, எனக்குக் கேட்கக் கூச்சம். இன்னொன்று, குடிக்கிற தண்ணீரைச் செடிக்கு எடுக்கிறாயா என்று யாராவது தடுத்துவிடுவார்களோ என்று பயம். அதனால் திருடுகிற மாதிரியே செய்தேன். ஆறு மணிக்கு முன்னால் வந்து, அந்தக் குழாயில் ரப்பர் ஓசுக் குழாயைச் சொருகி, சரிவு முழுக்க நனைத்துவிட்டு, எட்டு மணிக்குள் ஓசுக் குழாயைச் சுருட்டி வைத்துவிடுவேன். கன்னியம்மா எட்டரைக்கு வருவாள். அவளுக்கும் தெரியாது. ஏசி சொட்டுகிற மூலை எப்போதும் ஈரமாக இருந்ததால் அங்கே மட்டும் ஊற்றவில்லை.

முதல் மூன்று நாள் செடி தலை தூக்கியது. வாடிக் கிடந்த செடிக்கு எந்தத் தண்ணீர் விட்டாலும் முதலில் அப்படித்தான் இருக்கும். நான் கெட்டிக்காரன் என்று நினைத்துக்கொண்டேன். மண் மேலே வெள்ளையாக ஏதோ பூத்தது. தண்ணீரைச் சுத்தம் செய்யப் போட்ட மருந்தாக இருக்கும் என்று அதற்கும் நானே ஒரு காரணம் கண்டுபிடித்தேன்.

பிறகு இலை ஓரம் கருகத் தொடங்கியது. பூச்சியாக இருக்கும் என்று நினைத்து, கன்னியம்மாவிடம் வேப்பம் புண்ணாக்கு போடச் சொன்னேன்.

"ரெண்டு கையா, ஒரு கையா?" என்று கேட்டாள்.

"ரெண்டு கை போடு."

நான் சொன்னபடி போட்டாள். கருகல் நிற்கவில்லை. மேலும் தண்ணீர் காட்டினேன். பங்குனி பாதியில் சரிவு முழுக்கப் பீடி இலை மாதிரி ஆகிவிட்டது.

விசாரணை

ஒரு வியாழக்கிழமை டேவிட் சார், எச்.ஆர். சார், முனிரத்தினம் மூன்று பேரும் சரிவில் நின்றார்கள். டேவிட் சார் குனிந்தார். ஒரு தண்டை எடுத்தார், அது கையிலேயே ஒடிந்தது. போட்டுவிட்டு உள்ளே போய்விட்டார். அவர் போன பிறகு முனிரத்தினம்தான் குதித்தார்.

"இன்னாத்த போட்டீங்க இதுக்கு? மேனேஜர் ஊட்டுச் செடி நைனா இது! யார் போட்டது?"

"வேப்பம் புண்ணாக்கு. நான்தான் போட்டேன்" என்றாள் கன்னியம்மா.

"எவ்ளோ போட்ட?"

"ரெண்டு கை."

"மலைச்செடிக்கு ரெண்டு கை புண்ணாக்கு! வேரு வெந்து பூட்ச்சு. உன்ன யாரு போடச் சொன்னது?"

அவள் என்னைப் பார்த்தாள். நான் சொல்வேன் என்று பார்த்தாள். நான் தரையைப் பார்த்தேன். அவள் ஒரு மூச்சு விட்டுவிட்டு, "யாரும் சொல்லல, நானேதான்" என்றாள்.

நாளையிலிருந்து வர வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். அவள் தன் கத்தரியைக் கழுவித் துடைத்து, என் பெட்டியில் வைத்துவிட்டுப் போனாள்.

மறுநாள் வெள்ளிக்கிழமை மதியம் ஓசுக் குழாயை எடுக்க ஆர்.ஓ. ரூமின் பின்னால் போனேன். பாஷா வெளியே நின்று சிகரெட் பிடித்துக்கொண்டிருந்தான்.

"இன்னாண்ணே, ஓசு இங்க கெடக்குது. இந்தத் தண்ணிய எதுக்கு எடுக்கற?"

"செடிக்கு."

அவன் சிரித்தான். "இது ரிஜெக்ட் தண்ணிண்ணே. நல்ல தண்ணி அந்தப் பக்கம் டேங்குக்குப் பூடும். அதுலேர்ந்து பிரிச்ச உப்பெல்லாம் இந்தப் பக்கம் வரும். எங்க ஊரு ஏரித் தண்ணியும் இதுவும் அண்ணன் தம்பி. வேணும்னா நாக்குல வச்சிப் பாரு."

உள்ளங்கையில் பிடித்து நாக்கில் வைத்தேன். துப்பிவிட்டேன்.

"எந்தச் செடிக்கு ஊத்துன?" என்று கேட்டவன், என் முகத்தைப் பார்த்துச் சிரிப்பை நிறுத்திக்கொண்டான். "நான் ஒண்ணும் பாக்கலண்ணே" என்று சொல்லிவிட்டு உள்ளே போனான்.

கேட்

கன்னியம்மா வேலை போன மறுநாளும் வந்தாள். டிபன் பையோடு மெயின் கேட்டுக்கு எதிரே தூங்குமூஞ்சி மரத்தடியில் நின்றாள். செக்யூரிட்டி உள்ளே விடவில்லை. சார் மனம் மாறினால் கூப்பிடுவார் என்று ஒன்பது மணி வரை நிற்பாள். பிறகு போய்விடுவாள். வெள்ளி நின்றாள், சனி நின்றாள். ஞாயிறு லீவு. திங்கள் மறுபடி நின்றாள்.

வெள்ளி மதியத்திலிருந்து எனக்கு உண்மை தெரியும். அவளைத் தாண்டித்தான் கேட்டுக்குள் போக வேண்டும். தூரத்திலிருந்தே புடவை நிறம் தெரியும். அங்கே வந்ததும் நான் வேகமாக மிதிப்பேன். திங்கட்கிழமை குறுக்கே வந்து ஹேண்டில்பாரைப் பிடித்துக்கொண்டாள்.

"அண்ணா, சாரு கைல எனுக்காக ஒரு வார்த்த சொல்லேன். நீ சொன்னா கேப்பாரு. செடி பூட்ச்சின்னா வேற செடி வச்சித் தரேன். வேல பூட்ச்சின்னா நான் எங்க போவேன்?"

"சொல்றேன்" என்றேன்.

"மெய்யாலுமே சொல்லுவியா?"

"சொல்றேன்றேன்ல, உடு. பஞ்ச் அடிக்கணும்."

சொல்லவில்லை. ஆபீஸ் கதவு வரை போனேன். லிஸ்ட் ஞாபகம் வந்தது. என் பெண்ணுக்கு நிச்சயம் செய்திருந்தோம், மாப்பிள்ளை வீட்டில் பெண்ணின் அப்பா கம்பெனி ரோலில் வரப் போகிறார் என்று சொல்லியிருந்தோம். திரும்பி வந்துவிட்டேன். செவ்வாயும் அப்படியே. புதனும் அப்படியே. புதன்கிழமை அவள் என்னை ஒன்றும் கேட்கவில்லை. ஹேண்டில்பாரையும் பிடிக்கவில்லை. பார்த்துக்கொண்டு நின்றாள், அவ்வளவுதான்.

வியாழக்கிழமை மரத்தடியில் அவள் இல்லை.

நிம்மதியாக இருக்கும் என்று நினைத்திருந்தேன். சைக்கிளை நிறுத்தி இறங்கிவிட்டேன். "அந்தம்மா அத்திப்பட்டு பக்கம் பவர் ஹவுஸ் சாம்பல் அள்ற வேலைக்குப் போவப்போறேன்னு சொல்லிக்கினு இருந்துச்சி" என்றார் செக்யூரிட்டி. ஏற்கெனவே அவளுக்கு இருமல் உண்டு. அந்தச் சாம்பல் தூசியில் அவள் எத்தனை நாள் நிற்பாள்?

நேரே ஆர்.ஓ. ரூமின் பின்னால் போனேன். ஒரு பாட்டிலில் அந்தத் தண்ணீரைப் பிடித்தேன். சரிவில் வெள்ளை பூத்த மண்ணில் ஒரு கட்டி எடுத்துக்கொண்டேன். இரண்டையும் கொண்டுபோய் டேவிட் சார் மேஜையில் வைத்தேன். மண் உதிர்ந்து அவருடைய பேப்பர் மேலே விழுந்தது.

"என்ன எத்திராஜ் இது?"

"செடிக்கு நான் ஊத்துன தண்ணி, சார்."

அவர் மூடியைத் திறந்து விரலில் தொட்டு நாக்கில் வைத்தார். கைக்குட்டையால் வாயைத் துடைத்துக்கொண்டார். மண் கட்டியைப் பார்த்தார்.

"ஆர்.ஓ. ரிஜெக்டா?"

"குடிக்கிற தண்ணின்னு நெனச்சிட்டேன் சார். புண்ணாக்கும் நான்தான் போடச் சொன்னேன். கன்னியம்மா மேல ஒண்ணும் இல்ல சார்."

அவர் பாட்டிலை மூடி ஓரமாக வைத்தார்.

"இது ரிஜெக்ட்னு உங்களுக்கு எப்பத் தெரிஞ்சுது?"

"வெள்ளிக்கிழம, சார்."

"இன்னைக்கு வியாழன்."

அவர் அதற்கு மேல் அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. திட்டியிருந்தால் தேவலை. முனிரத்தினத்துக்கு போன் போட்டு, கன்னியம்மாவை உடனே கூப்பிடச் சொன்னார். பிறகு என்னிடம், "லிஸ்டைப் பத்தி நானா எதுவும் பேச மாட்டேன். எச்.ஆர். கேட்டா நடந்ததைச் சொல்லுவேன்" என்றார். சரி சார் என்றேன். எச்.ஆர். கேட்டது. லிஸ்ட் வந்தபோது ஐந்து பெயர்தான் இருந்தது.

நான் கதவைத் திறக்கும்போது கூப்பிட்டார்.

"அந்தக் குழாய் மேல எழுதி வைங்க. இன்னொருத்தர் இதே தப்பைப் பண்ணக் கூடாது."

"பெயின்டர வச்சி எழுதச் சொல்றேன் சார். என் கையெழுத்து நல்லா இருக்காது."

"பரவால்ல. நீங்களே எழுதுங்க."

அன்று மதியம் சிவப்புப் பெயின்டில் எழுதினேன். "ரிஜெக்ட் தண்ணி. செடிக்கு ஊத்தாதே." எழுத்து மேலும் கீழுமாகப் போனது. சாப்பிட்டுவிட்டு வந்தவர்கள் எல்லாரும் நின்று படித்துவிட்டுப் போனார்கள்.

மூலையில் கிடந்தது

கன்னியம்மா சனிக்கிழமை வந்தாள். பெட்டியைத் திறந்து தன் கத்தரியை எடுத்தாள்.

"கன்னியம்மா, நான்தான்..."

"தெரியும். முனிரத்தினம் சொல்லிட்டாரு." கத்தரியின் முனையை விரலால் தடவிப் பார்த்தாள். "செடி கருகுனதுக்கு நான் ஒண்ணும் சொல்லலண்ணா. தெரியாம பண்ணிட்ட. நான் மரத்தாண்ட நிக்கறன், நீ எம்மாம் வேகமா மிதிச்ச! உனுக்கு அவ்ளோ வேகம் வரும்னே எனுக்குத் தெரியாது."

பல நாள் அவள் என்னோடு உட்கார்ந்து சாப்பிடவில்லை. ஸ்டோர் ரூம் பெண்களோடு சாப்பிட்டாள். வேலை மட்டும் சொன்னதைச் செய்வாள். நான் சொன்ன ஒவ்வொன்றையும், "நீதான சொன்ன? அப்புறம் மாத்த மாட்டியே?" என்று இரண்டு தடவை கேட்டுக்கொண்டு செய்வாள்.

சித்திரையில் ஒருநாள், காய்ந்த தண்டுகளை எல்லாம் பிடுங்கிச் சரிவைச் சுத்தம் செய்துகொண்டிருந்தோம். மூலையிலிருந்து அவள் கத்தினாள்.

"அண்ணா, இங்க வா. வாயேன்யா!"

ஏசி தண்ணீர் சொட்டுகிற சேற்றில், காய்ந்த சருகுக்கு அடியில், சாப்பாட்டுத் தட்டு அளவுக்குப் பச்சையாக இருந்தது. அதே சுருக்க இலை. ஒரு தண்டு நீண்டு, கணுவில் புது வேர்கூட விட்டிருந்தது. ஏசி தண்ணீரில் உப்பு இல்லை. இரண்டு பேரும் அதையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்தோம்.

"இந்த ஏசிய ரிப்பேர் பண்ணச் சொல்லி நான் பேஜார் குடுக்காத ஆளே இல்ல" என்றாள். "நல்ல வேள, ஒருத்தனும் எம்பேச்ச கேக்கல."

அவளே போய் டேவிட் சாரைக் கூட்டிவந்தாள். அவர் பேன்டில் சேறு படுவதைப் பார்க்காமல் குந்தி உட்கார்ந்தார். ஒரு இலையைத் திருப்பிப் பார்த்து, மறுபடி மெதுவாக விட்டார். எழுந்தபோது மூக்கை உறிஞ்சினார். "இந்த ஏசியை யாரும் ரிப்பேர் பண்ண வேண்டாம்" என்று மட்டும் சொன்னார்.

அன்று மதியம் கன்னியம்மா தன் டிபனை எடுத்துக்கொண்டு வந்து எனக்குக் கொஞ்ச தூரம் தள்ளி உட்கார்ந்தாள். பக்கத்தில் இல்லை, தள்ளித்தான். ஊறுகாய் வேண்டுமா என்று கேட்டாள்.

டேவிட் சார் அடுத்த வருடம் மாற்றலாகிப் போனார். போகும்போது ஒரு சின்னத் தொட்டியில் இரண்டு கணு வெட்டிக் கொடுத்தோம். மிச்சம் அந்த மூலையில்தான் இருக்கிறது. மூன்று ஏசியின் தண்ணீரை டிரம்மில் பிடித்து ஊற்றியும் ஒரு பாய் விரிக்கிற அளவுக்கு மேல் அது போகவில்லை. வெயில் காலத்தில் பாதி போய்விடும், மழையில் மறுபடி வரும். பழம் ஒரு தடவையும் வைத்ததில்லை. நான் இன்னும் கான்ட்ராக்ட்தான். பெண்ணின் கல்யாணம் நடந்துவிட்டது. மாப்பிள்ளை வீட்டார் இரண்டு வருடம் சொல்லிக் காட்டிவிட்டு ஓய்ந்தார்கள்.

புதிதாக வந்தவர்களுக்கு நான் சொல்ல நினைப்பது இதுதான். எந்தத் தண்ணீரையும் நாக்கில் வைத்துப் பார்த்த பிறகே செடிக்கு ஊற்றுங்கள். எந்தக் குழாய் என்று தெரியாவிட்டால் கேளுங்கள். கேட்கிற கூச்சம் ஒரு நிமிடத்தில் போய்விடும். தப்பு செய்துவிட்டால் அன்றைக்கே சொல்லிவிடுங்கள். நான் ஆறு நாள் தள்ளிப் போட்டேன். அந்த ஆறு நாளை இன்றும் ஒவ்வொரு காலையும் அந்த மரத்தைத் தாண்டும்போது மிதித்துக்கொண்டுதான் இருக்கிறேன். இப்போது அங்கே யாரும் நிற்பதில்லை. இருந்தாலும் கால் தானாக வேகம் எடுக்கிறது.

மழையும் வெயிலும் பட்டு அந்தச் சிவப்பு எழுத்து மங்கிவிட்டது. பெயின்டரை வைத்து நன்றாக எழுதலாமா என்று போன வாரம் கன்னியம்மாவைக் கேட்டேன். "நீ எழுதுனதே இருக்கட்டும், அது மேலயே பெயின்ட அடி" என்றாள். நாளைக்கு அடிக்க வேண்டும்.

இன்று ஆடி ஞாயிறு. பஸ் எல்லாம் பெரியபாளையத்துக் கூட்டத்தோடு போகிறது. வீட்டில் எல்லாரும் கோயிலுக்குப் போயிருக்கிறார்கள். தனியாக இருந்ததால் எழுதி முடிக்க முடிந்தது.

9-8-2009